விழுங்கவும் தெரிய வேண்டும்

வேலைக்குச் சேர்ந்த முதல் மாதம், தொலைபேசியில் ஒரு பெண்ணிடம் ஆங்கிலத்தில் ‘ஃபோட்டோகிராஃபர்’ என்றேன். அவருக்குப் புரியவில்லை. இன்னும் நிறுத்தி, ஒவ்வோர் எழுத்தும் காதில் விழும்படி திரும்பச் சொன்னேன். அப்போதும் புரியவில்லை. எழுத்துக்கூட்டிச் சொன்ன பிறகுதான், “ஓ, ஃபடாக்ரஃபர்!” என்றார். அந்த ‘டா’ மட்டும் ஓங்கி ஒலித்தது. முன்னும் பின்னும் இருந்தவை வாய்க்குள்ளேயே கரைந்துபோயின.

நான் தெளிவாகச் சொல்லச் சொல்லத்தான் அவருக்குப் புரியாமல் போயிருக்கிறது. இது எனக்கு உறைக்க வெகுநாள் ஆயிற்று. தமிழில் ‘கல்’லையும் ‘கால்’ஐயும் பிரிப்பது குறிலும் நெடிலும்தான், எந்த அசையை ஓங்கிச் சொன்னாலும் சொல் மாறாது. ஆங்கிலத்தில் ‘ரெக்கர்ட்’ என்று முதல் அசையை ஓங்கினால் அது பதிவு. ‘ரிகோர்ட்’ என்று இரண்டாவதை ஓங்கினால் பதிவுசெய்வது. ஓங்காத அசையின் உயிரொலி பல சமயம் எந்த எழுத்துக்கும் சேராத மங்கலான ஒலியாகச் சுருங்கிவிடுகிறது. அதை ஷ்வா என்பார்கள். ஆங்கிலப் பேச்சில் மிக அதிகம் வரும் உயிரொலி அதுதான். ஆனால் நெடுங்கணக்கில் அதற்கென்று ஓர் எழுத்து கிடையாது.

‘அழுத்திச் சொல்’ என்றுதான் எல்லாரும் சொல்லித்தருகிறார்கள். அது பாதிதான். மற்ற அசைகளை விழுங்கினால்தான் ஓங்கிய அசை தெரியும். எனக்கு வழி திறந்துவிட்டது நம் இலக்கணம். ‘பசு’, ‘பத்து’ இரண்டையும் சொல்லிப் பாருங்கள். பசுவின் உகரத்துக்கு இதழ் குவிகிறது. பத்தின் உகரம் குவியாமல், அரை மாத்திரையில் நழுவிவிடுகிறது. குற்றியலுகரம். உயிரைச் சுருக்கிச் சொல்ல நம் வாய்க்கு ஏற்கெனவே தெரியும்!

பிறகு ஏன் இத்தனை ஆண்டு இந்தத் தவறு தெரியவில்லை? ஆன் கட்லர், டேவிட் கார்ட்டர் என்ற ஆய்வாளர்கள் 1987-இல் பிரித்தானிய ஆங்கில உரையாடல்களை ஆராய்ந்தார்கள். பொருள் தரும் சொற்களில் ஏறத்தாழ 90 விழுக்காடு வலிய அசையில்தான் தொடங்கின. முதல் அசையை ஓங்கும் நம் பழக்கம் பெரும்பாலும் ஒத்துப்போய்விடுகிறது. மாட்டிக்கொள்வது ஹோட்டலிலும் கமிட்டியிலும் டெவலப்மெண்டிலும்தான். மூன்றிலும் இரண்டாவது அசையே ஓங்க வேண்டும்.

மகளுக்கு ஒன்றரை வயது இருக்கும்போது, படப் புத்தகத்தில் ஒட்டகச்சிவிங்கியைக் காட்டி ‘ராஃப்’ என்பாள். ‘ஜிராஃப்’ என்று நான் திருத்திக்கொண்டே இருந்தேன். யானை அவளுக்கு ‘எஃபன்ட்’. ஓங்கிய அசையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு மெலிந்ததை விட்டிருக்கிறாள். ஆங்கிலத்தைக் கேட்டு வளரும் குழந்தைகள் பலரும் அப்படித்தான் தொடங்குகிறார்கள். அவளைத் திருத்தியதற்கு இன்றும் வருந்துகிறேன். அவள் காதைப் பின்பற்றியிருக்க வேண்டியவன் நான்.

இப்போது அவள் வழியில்தான் பழகுகிறேன். புதுச் சொல் வந்தால் அகராதியில் ஓங்கும் அசைக்கு முன்னால் இருக்கும் அந்தச் சிறு செங்குத்துக் கோட்டைத் தேடுவேன். அந்த ஓர் அசையை மட்டும் நாலைந்து தடவை சொல்லிவிட்டு, மற்றவற்றை மெல்ல ஒட்டவைப்பேன். ‘ஷன்’ என்று முடியும் சொற்களில் அதற்கு முந்தைய அசை ஓங்கும் என்பது போன்ற விதிகளும் உதவுகின்றன.

எண்களில்தான் இன்னும் தடுமாற்றம். ‘தர்ட்டீன்’ தனியே வந்தால் பின்னசை ஓங்கும். அடுத்து ஒரு பெயர்ச்சொல் வந்தாலோ அழுத்தம் பல சமயம் முன்னால் நகர்ந்துவிடுகிறது. என் காதில் அது ‘தர்ட்டி’யாகவே விழுகிறது. அதனால் யாராவது தொலைபேசியில் அறை எண் சொன்னால், “ஒன்று, மூன்றா?” என்று இலக்கம் இலக்கமாகக் கேட்டே குறித்துக்கொள்கிறேன்.