அறுபது தகட்டில் ஒரு காலக்கவசம்: இதுவரை செய்தது

என் கதையின் நாயகிக்காக நானே செய்துவரும் கவசம் இது. மார்புக் கவசத்தின் ஐந்து வரிசைகளில் நான்கைக் கோத்து முடித்தாயிற்று. ஐந்தாம் வரிசையும் தோள் கவசமும் இடப்பக்கப் பூட்டும் பாக்கி. அடுத்த கட்டத்துக்குப் போகும் முன் இதுவரை செய்ததை எழுதி வைக்கிறேன்.

நான் எழுதிவரும் மாயக்கதையில், காரைக்குடிப் பக்கம் வருஷக்கணக்கில் பூட்டிக் கிடக்கும் ஒரு பெரிய வீடு வருகிறது. முகப்பில் ஒரு காலம் நடக்கிறது, நடுமுற்றம் உள்ள வளவில் வேறொரு காலம், இரண்டாம் கட்டில் இன்னொன்று. முகப்பில் நின்றால் பின்கட்டு வரை கதவுகள் வரிசையாகத் தெரியும் செட்டிநாட்டு வீட்டை விட்டால் இந்தக் கதைக்குப் பொருத்தமான இடம் வேறில்லை. அதற்குள் நுழைகிறவள் போட்டுக்கொள்ளும் கவசம் இது. ஒரு கட்டிலிருந்து மறு கட்டுக்குக் கால் வைக்கும்போது அவளுக்கு வயது கூடிவிடக் கூடாது, குறைந்துவிடவும் கூடாது.

காலக்கவசம் என்றதும் முதலில் தோன்றுவது, காலமே உள்ளே வராதபடி அடைத்துவிடும் கவசம். அதில் எனக்கு உடன்பாடில்லை. காலத்தை முழுக்கத் தடுத்தால் போட்டிருப்பவளின் மூச்சும் நாடியும் கூடத்தானே நிற்கும்? அவளுக்கு வேண்டியது தன் கணக்கு தப்பாமல் இருப்பது. நிஜ உலகமும் அப்படித்தான். ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் உள்ள கடிகாரம் தரையில் இருப்பதைவிட ஒரு நாளைக்குச் சுமார் 38 மைக்ரோ நொடி வேகமாக ஓடும். அதற்கு யாரும் சுவர் எழுப்பவில்லை, கணக்கைத் திருத்திக்கொள்கிறார்கள். இந்தக் கவசமும் அப்படிக் கணக்கு வைக்கிற கவசமாக இருக்க வேண்டும் என்று முடிவு செய்தேன்.

கணக்கு என்றதும் பிரபவ முதல் அட்சய வரையுள்ள அறுபது வருஷங்கள் நினைவுக்கு வந்தன. அறுபதாம் கல்யாணத்தை ஊரையே கூட்டிச் செய்கிற ஊர்க்காரனுக்கு வேறென்ன தோன்றும்! வருஷத்துக்கு ஒரு தகடு. வியாழன் சூரியனைச் சுற்றிவர ஏறக்குறைய 12 வருஷம், அதனால் வரிசைக்கு 12 தகடாக ஐந்து வரிசை. ஒவ்வொரு வரிசையும் உடம்பை ஒரு சுற்றுச் சுற்றி வரும். அதாவது குரு பன்னிரண்டு ராசியையும் ஒருமுறை சுற்றுவது. சனிக்கு ஒரு சுற்று கிட்டத்தட்ட முப்பது வருஷம். "முப்பது வருஷம் வாழ்ந்தவனும் இல்லை, தாழ்ந்தவனும் இல்லை" என்பார்களே, அந்தக் கணக்குக்காக ஒரு கறுப்புக் கயிறு முப்பது தகடுகளின் ஊடே ஓடி, மூன்றாம் வரிசையின் பாதியில் வலது விலாவில் முடிச்சு விழுகிறது. அங்கிருந்து இரண்டாவது கயிறு. 1987 ஏப்ரலில் தொடங்கிய பிரபவ முதல் தகடு என்றால், 2025 ஏப்ரலில் பிறந்த விசுவாவசு 39-வது. நான்காம் வரிசையில் மூன்றாவதாக, வயிற்றுக்கு நேராக அமைகிறது. கதை நடக்கும் வருஷம் அதுதான் என்பதால் அந்தத் தகட்டுக்கு மட்டும் பித்தளை விளிம்பு வைத்திருக்கிறேன்.

தகடுகள் 5 மி.மீ. ஈவா ஃபோமில், அதாவது மெத்தென்ற நுரைப் பலகையில், வெட்டியவை. அகலம் 9 செ.மீ., உயரம் 10 செ.மீ. ஒன்றன்மேல் ஒன்று படிவது போக வெளியே தெரியும் அகலம் 8 செ.மீ. வெட்டியதும் ஹீட் கன்னால் சூடுகாட்டி லேசாக வளைத்தால் மேற்பரப்பு இறுகிக்கொள்ளும்.

மேல்பூச்சில்தான் எனக்கு ஆசை அதிகம். பிரஷ்ஷால் வெள்ளி நிறம் தேய்த்த கவசங்கள் எல்லாம் ஒரே மாதிரி இருக்கின்றன. எனக்கு ஆத்தங்குடித் தரைக்கல்லின் அந்த மினுமினுப்பு வேண்டும். அங்கே கல்லைத் தலைகீழாகத்தான் செய்கிறார்கள்: கண்ணாடிமேல் அச்சை வைத்து, வண்ணச் சிமெண்டுக் கலவையை ஊற்றி, அச்சை எடுத்துவிட்டு, அதன் பின்பக்கம் மணலும் சிமெண்டும் போடுகிறார்கள். கண்ணாடியைத் தொட்டிருந்த பக்கம்தான் கல்லின் முகம். மெருகு போட வேண்டியதில்லை. பட்டறையில் வேலை செய்யும் அண்ணனிடம் கேட்டபோது, "கண்ணாடி எப்படியோ அப்படித்தான் தம்பி கல்லும். ஒரு தூசி இருந்தாலும் காட்டிக் கொடுத்துரும்" என்றார்.

அதையே அக்ரிலிக் சாயத்தில் செய்தேன். சுத்தமான கண்ணாடியில் ஸ்டென்சில் வைத்து முதலில் பூவின் மஞ்சள், காய்ந்ததும் இலையின் பச்சை, அதன்மேல் முழுக்க அரக்குச் சிவப்பு. கடைசியாக வெள்ளைப் பசை ஒரு கோட்டிங். இந்தப் பசைப் படலம் முக்கியம். ஃபோமில் ஒட்டப் பயன்படும் ரப்பர் பசையின் கரைப்பான் சாயத்தை இளக்காமல் அது காக்கும். படலத்தின் முதுகிலும் ஃபோமிலும் ரப்பர் பசையை மெல்லிசாகத் தடவி, தொட்டால் கையில் ஒட்டாத பதம் வந்ததும் அழுத்த வேண்டும். செட்டிநாட்டு வெயிலில் அந்தப் பதம் சட்டென்று தாண்டிவிடும் என்பதால் ஒட்டும் வேலை காலையில் மட்டும். பிறகு ஒரு மூலையில் நகத்தால் நெம்பி மெதுவாக உரித்தால், படலம் ஃபோமோடு வந்துவிடுகிறது. உரிந்து வரும்போது ஈரம் காயாத தரைபோல் பளபளக்கும் அந்தச் சிவப்பைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம்.

தகடுகளை ஒட்டாமல் கயிற்றில் கோத்ததற்குக் காரணம் கதைக்குள்ளேயே இருக்கிறது. யாராவது ஒரு வருஷத்தைப் பிடித்து இழுத்தால் பக்கத்து வருஷங்கள் அதைப் பிடித்துக்கொள்ள வேண்டும். ஃபோமில் வெறும் துளை போட்டால் கயிறு அறுத்துக்கொண்டு வந்துவிடும். அதனால் தகட்டுக்கு நாலு பித்தளை ஐலெட் (துளையின் ஓரத்தைக் காக்கும் வளையம்) அடித்திருக்கிறேன்.

இனி இடப்பக்கப் பூட்டு. கவசத்தைப் போடவும் கழற்றவும் ஒரு திறப்பு வேண்டும் அல்லவா? வியாழன் ஒரு சுற்றுச் சுற்ற உண்மையில் 11.86 வருஷம். ஐந்து சுற்றுக்கு 59.3. அறுபதுக்கு எட்டு மாதம் போலக் குறைகிறது. ஒரு வருஷத்துக்கு 8 செ.மீ. என்றால் எட்டு மாதத்துக்குச் சுமார் 5.5 செ.மீ. திறப்பின் அகலத்தை அதே அளவாக வைத்துவிட்டேன். கதையில் காலம் உள்ளே நுழையக்கூடிய ஒரே இடம் இதுதான், அதனால் அவள் இடது கையை எப்போதும் விலாவோடு சேர்த்தே வைத்து நடப்பாள்.

தோளுக்குப் பக்கத்துக்கு நாலு பட்டை: வலது தோளில் பகலின் நாலு சாமம், இடது தோளில் இரவின் நாலு. பகலுக்கு மஞ்சள், இரவுக்குக் கருநீலம். பட்டைக்கு 5 மி.மீ. போதுமா, 8 மி.மீ. வேண்டுமா என்பதை ஒரு ஜோடி வெட்டி, கையைத் தூக்கிப் பார்த்துவிட்டு முடிவு செய்ய வேண்டும். அட்சயத் தகடு வரை ஐந்தாம் வரிசையைக் கோத்த பிறகுதான் அந்த வேலை.