பச்சக்குழந்த சார்ட்ல மருந்து எந்த வழியா வந்துச்சுன்னு பாருங்க

பி.ஃபார்ம் முடிச்சுட்டு சென்னையில மெடிக்கல் கோடிங்குக்கு, அதாவது நோயாளி ரெக்கார்ட படிச்சு ஒவ்வொரு நோய்க்கும் அதுக்குரிய கோட் நம்பர் போடுற வேலைக்கு வந்தவ நான். பாக்குறது இன்பேஷண்ட் சார்ட், எல்லாமே அமெரிக்க ஆஸ்பத்திரிங்க. டீம்ல என்ஐசியு (பச்சக்குழந்தைங்களோட தீவிர சிகிச்சைப் பிரிவு) சார்ட் வந்தா நிறைய பேருக்கு முகம் வாடிடும், ஏன்னா குறைமாசத்துல பொறந்த குழந்த ரெண்டு மூணு மாசம் உள்ள இருந்துச்சுன்னா தினசரி நோட்ஸே அவ்ளோ பக்கம் போகும், ஆனா இத்தன சார்ட் முடிக்கணும்ங்கிற டார்கெட்ல அதுவும் ஒரு சார்ட்தான். எனக்கு அந்த சார்ட்டுங்க பிடிக்கும். பார்மகாலஜி படிச்சது முழுசா உபயோகப்படுற இடம் அதுதான், அதவிட முக்கியமா அங்க ஒரு கோட் மாறினா பழி போற ஆளே மாறிடும்.

பொறந்த குழந்தைக்கு மருந்தால ஏதோ ஆச்சுன்னா அந்த மருந்து எந்த வழியா உள்ள போச்சுன்னுதான் முதல்ல பாக்கணும். அம்மாவுக்கு குடுத்தது நஞ்சுக்கொடி வழியாவோ தாய்ப்பால் வழியாவோ குழந்தைக்கு வந்திருந்தா பி04 (P04) குடும்பம். பிரசவ வலிக்கு அம்மாவுக்கு ஊசி போட்டு, குழந்த மூச்சு சரியா விடாம சோர்ந்து பொறந்து, அந்த ஊசிதான் காரணம்னு டாக்டரும் எழுதியிருந்தா பி04.0. அம்மாவுக்கு பிபி ஏறி மெக்னீசியம் சல்ஃபேட் ஓட்டி, அதனால குழந்த துவண்டு போயிருந்தா பி04.1 பக்கம் தேடணும். இதே மருந்து நேரா குழந்தைக்கே குடுத்து ரியாக்ஷன் ஆனா அது பி93. அம்மா கதைய அம்மா சார்ட்லயும் குழந்த கதைய குழந்த சார்ட்லயும்தான் வைக்கணும், இந்த பி கோடுங்க இருக்குற சாப்டர் 16 கோட் எதுவுமே அம்மா ரெக்கார்டுல வரவே கூடாது.

பி93, ஐசிடிங்கிற நோய் கோட் பட்டியலோட பழைய பதிப்பான ஐசிடி-9ல 779.4னு ஒரே கோடா இருந்துச்சு. 2015 அக்டோபர் 1ல அமெரிக்கா ஐசிடி-10-சிஎம்முக்கு மாறினப்போ அது ரெண்டாச்சு, க்ரே பேபி சிண்ட்ரோமுக்கு பி93.0, மத்த மருந்து ரியாக்ஷனுக்கு பி93.8. க்ளோராம்ஃபெனிகால்ங்கிற ஒரே மருந்துக்கு எதுக்கு தனி கோட், இப்ப யாரு குழந்தைக்கு அத குடுக்குறாங்கன்னு ஃப்ரெஷர்ஸ் கேப்பாங்க. நியாயமான கேள்வி, அதனால ட்ரெய்னிங்ல நான் அந்த கதைய சொல்லாம விடுறதில்ல. 1950கள்ல பனிக்குடம் சீக்கிரமே உடைஞ்சு பொறந்த குறைமாச குழந்தைங்களுக்கு இன்ஃபெக்ஷன் வந்துடக்கூடாதுன்னு முன்கூட்டியே இந்த ஆன்டிபயாடிக்க குடுத்திருக்காங்க. நல்லெண்ணத்துலதான் குடுத்தாங்க. குழந்தைங்க வயிறு உப்பி, வாந்தி எடுத்து, உடம்பு சில்லிட்டு, சாம்பல் நிறமாகி இறந்து போச்சுங்க. லாஸ் ஏஞ்சல்ஸ்ல மருந்து குடுத்த குழந்தைங்களயும் குடுக்காத குழந்தைங்களயும் தனித்தனியா வச்சு ஒப்பிட்டு பாத்தப்போதான் மருந்து வாங்கின பக்கம் சாவு எவ்ளோ அதிகம்னு தெரிஞ்சுது, 1959ல அது ஜர்னல்ல வந்துச்சு. பெரியவங்க கல்லீரல் அந்த மருந்த க்ளூகுரோனிக் அமிலத்தோட சேத்து வெளிய தள்ளிடும், பச்சக்குழந்தையோட கல்லீரலுக்கு அந்த என்சைம் இன்னும் முழுசா வந்திருக்காது, கிட்னியும் மெதுவாத்தான் வேல செய்யும், அதனால மருந்து ரத்தத்துல ஏறிக்கிட்டே போயிருக்கு. இந்த கதைய கேட்டவங்க அதுக்கப்புறம் பி93.0வ வெறும் நம்பரா பாக்க மாட்டாங்க.

பி93 போட்டா கூடவே எந்த மருந்துன்னு சொல்ற டி (T) கோடும் வேணும். சரியான மருந்து, சரியான டோஸ், சரியா குடுத்தும் ரியாக்ஷன் வந்துச்சுன்னா அது அட்வெர்ஸ் எஃபெக்ட், முதல்ல என்ன ஆச்சுங்கிற கோட், அப்புறம்தான் டி கோட். க்ளோராம்ஃபெனிகாலுக்கு டி36.2எக்ஸ்5ஏ, அதுல இருக்குற 5தான் அட்வெர்ஸ் எஃபெக்ட்னு சொல்லுது.

தினமும் வர்ற சிக்கல் கஃபீன்ல. குறைமாச குழந்த மூச்சு விட மறந்துடும், அதுக்கு கஃபீன் சிட்ரேட் குடுப்பாங்க, ஏறக்குறைய எல்லா சார்ட்லயும் இருக்கும். நோட்ஸ்ல ஹார்ட் ரேட் 190ன்னு ஒரு வரி, அடுத்த வரில கஃபீன் நிறுத்தி வைக்கவும்னு இருக்கும். படிக்குற நமக்கு புரிஞ்சிடுது, இந்த குழந்தைங்க உடம்புல கஃபீன் பாதியா குறையவே மூணு நாலு நாள் ஆகும்னு வேற நமக்கு தெரியும். ஆனா கஃபீனாலதான் டாக்கிகார்டியான்னு (வேகமான இதயத்துடிப்பு) டாக்டர் எழுதலன்னா கோடர் அத சேத்து முடிச்சு போடக்கூடாது. எழுதியிருந்தா பி29.11 போட்டு பின்னாடியே டி43.615ஏ. இல்லன்னா டாக்டருக்கு க்வெரி, அதாவது எழுத்துல ஒரு கேள்வி அனுப்பணும். க்வெரியிலயும் பதில நாமளே ஊட்டிவிடக் கூடாது, நோட்ஸ்ல என்ன இருக்குன்னு காட்டி, இந்த டாக்கிகார்டியாவுக்கு காரணம் தெரியுமான்னு கேட்டு, சாத்தியமான காரணங்கள், வேற காரணம், சொல்ல முடியலன்னு எல்லா வழியும் திறந்து வைக்கணும். இந்த கட்டுப்பாடு சரின்னுதான் நான் நினைக்குறேன், குழந்தைய தொட்டு பாத்தது அவங்கதானே.

என்னைக்குமே நான் ஆடிட்ல விடாம பிடிக்குறது வித்ட்ராயல் (உடம்புக்கு பழகின மருந்த குறைக்கும்போதோ நிறுத்தும்போதோ வர்ற பாதிப்பு) கோட். குடல் வெளிய வந்து பொறந்த குழந்த, ஆபரேஷன், வாரக்கணக்குல வென்டிலேட்டர், வலி தெரியாம இருக்க ஃபென்டனில் ஓடிட்டே இருக்கு. அப்புறம் குறைக்கும்போது குழந்த நடுங்குது, ஓயாம அழுது, தூங்கல. நர்சுங்க ஸ்கோர் போடுறாங்க, அந்த ஸ்கோர் ஷீட் போதைப்பழக்கம் இருக்குற அம்மாவுக்கு பொறந்த குழந்தைங்களுக்காக 1970கள்ல ஃபின்னகன் உருவாக்கினது, ஷீட் தலைப்புலயே என்ஏஎஸ்னு, அதாவது பச்சக்குழந்த வித்ட்ராயல்னு இருக்கும். அத பாத்ததும் பி96.1 போட்டு சார்ட்ட முடிச்சிடுறாங்க. பி96.1 என்ன சொல்லுதுன்னா, அம்மா போதை மருந்து எடுத்ததால குழந்தைக்கு வந்த வித்ட்ராயல். அந்த அம்மா அப்படி எதையுமே தொட்டதில்ல, வாரக்கணக்கா அந்த தொட்டில் பக்கத்துலயே உக்காந்திருந்தவங்க. சரியான கோட் பி96.2, சிகிச்சைக்கு குடுத்த மருந்தால வந்த வித்ட்ராயல். அமெரிக்காவுல இந்த விஷயத்துல குழந்தைகள் நலத்துறை வரைக்கும் தகவல் போற சட்டமெல்லாம் இருக்கு, ரெக்கார்டுல இருக்குற வார்த்தைக்கு அங்க எடை ஜாஸ்தி. ஒரு தடவ டீம்ல புதுசா வந்த பொண்ணு தானாவே வந்து "அக்கா, அம்மா ஹிஸ்டரில டிரக் யூஸ்னு ஒன்னுமே இல்ல, யூரின் டிரக் டெஸ்ட்டும் நெகட்டிவ், பின்ன எப்படிக்கா பி96.1 வரும்"னு கேட்டா. அந்த கேள்விய கேட்டதுக்கே அவள எனக்கு ரொம்ப பிடிச்சு போச்சு. க்வெரி போச்சு, நீண்ட நாள் ஃபென்டனில் குடுத்ததால வந்ததுன்னு டாக்டர் எழுதி அனுப்பினார், பி96.2 ஆச்சு.

இன்னொன்னு இருக்கு, டோஸ் தப்பினா. ஜென்டாமைசின்ங்கிற ஆன்டிபயாடிக் பச்சக்குழந்தைக்கு 24 மணி நேரம், சில குறைமாச குழந்தைக்கு 36, 48 மணி நேரம்னு இடைவெளி விட்டு குடுக்குற மருந்து. ஆர்டர்ல இருந்தத விட சீக்கிரமா அடுத்த டோஸ் போயி கிட்னி அடிபட்டா அது அட்வெர்ஸ் எஃபெக்ட் இல்ல, பாய்சனிங். டி36.5எக்ஸ்1ஏ முன்னாடி வரும், கிட்னி பிரச்சன பின்னாடி. 5 இருந்த இடத்துல 1, வரிசையும் தலைகீழ். நோட்ஸ்ல இத யாரும் பெரிய எழுத்துல எழுதி வைக்க மாட்டாங்க, ரத்தத்துல மருந்து லெவல் அதிகம், மருந்து நிறுத்தப்பட்டதுன்னு மட்டும்தான் இருக்கும். எம்ஏஆர்ல (எந்த மருந்து எப்ப குடுத்தாங்கன்னு குறிக்குற ஷீட்) நேரத்த வரிசையா பாத்தாதான் தெரியும், தெரிஞ்சாலும் நாமளே தீர்ப்பு எழுதாம க்வெரிதான். டார்கெட் நெருக்கும்போது எம்ஏஆர திறக்காம டிஸ்சார்ஜ் சம்மரிய மட்டும் வச்சு முடிக்க சொல்ற லீடுங்க இருக்காங்க, என்ஐசியு சார்ட்ட பொறுத்தவரைக்கும் நான் அதுக்கு ஒத்துக்குறதே இல்ல, என் டீம்ல எம்ஏஆர் பாக்காத என்ஐசியு சார்ட் சப்மிட் ஆகாது.