துய்ஷேனா வாழ்ந்த போலோத் பெய்ஷெனலியேவ்

கிர்கிஸ் எழுத்தாளர் ஐத்மாத்தவோட 'முதல் ஆசிரியர்' கதைய படிச்சவங்க நம்ம ஊர்ல நிறைய பேர் இருக்காங்க, ஆனா அதுல வர்ற துய்ஷேன்ங்கற வாத்தியாரா திரையில வாழ்ந்த நடிகர் போலோத் பெய்ஷெனலியேவ் பத்தி யாருமே பேசறதில்லங்கறது எனக்கு நெஜமாவே வருத்தம்.

கிர்கிஸ்தான்காரர், 1937ல பொறந்தவர், தாஷ்கண்ட்ல நாடகம் படிச்சவர். 1965ல ரஷ்ய இயக்குநர் கொஞ்சலோவ்ஸ்கி தன்னோட முதல் முழுநீளப் படமா அந்தக் கதைய எடுத்தப்போ இவர்தான் ஹீரோ. கதைல இருக்கற சாந்தமான வாத்தியார் இல்ல இவரு, முரட்டுத்தனமா, கோவமா, தனக்கே அரைகுறையா தெரிஞ்சத புள்ளைங்களுக்கு கத்துக்குடுத்தே தீருவேன்னு நிக்கற ஆளு. கடைசில எரிஞ்சுபோன பள்ளிக்கூடத்த திரும்பக் கட்ட மரத்த வெட்டுவாரு பாருங்க, ஒவ்வொரு வெட்டுலயும் அந்த ஊர் மேல உள்ள ஆத்திரமும் பாசமும் சேர்ந்தே தெரியும், வசனமே வேணாம்.

அதே ஆளு அடுத்த வருசமே இன்னொரு ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியோட 'ஆந்த்ரேய் ருப்ளேவ்' படத்துல, ஊர சூறையாட வர்ற தாத்தார் கான், அதாவது தாத்தார் தலைவன்! ரஷ்யாவோட விளாதிமிர் நகரத்து தேவாலயத்துக்குள்ள குதிரையோட வந்து, அங்க இருக்கற கன்னி மரியா ஓவியத்தக் காட்டி, கன்னிப்பொண்ணுக்கு எப்படிய்யா புள்ளன்னு சிரிச்சுக்கிட்டே கேப்பாரு. சின்ன ரோல்தான், ஆனா அந்தச் சிரிப்புல ஒரு நகரமே அழியற பயங்கரம் இருக்கு. 1967ல ஹங்கேரி இயக்குநர் யாஞ்சோ படத்துலயும் நடிச்சிருக்காரு.

மூணே வருசத்துல இப்படி மூணு இயக்குநர்கள் கிட்ட வேலை பார்த்த நடிகர் உலகத்துலயே ரொம்ப கம்மி. 2002ல காலமாயிட்டாரு. கதைய படிச்சவங்க தயவுசெஞ்சு படத்தையும் தேடிப் பாருங்க.