நான்கு பேர் கதை ஒருவர் கதையான இடம்

ஆவணப்பட எடிட்டர் என்று சொன்னாலே சொந்தக்காரர்கள் கேட்பது, "யாரோ எடுத்து வைத்ததை வெட்டி ஒட்டுற வேலைதானே?" அப்போதெல்லாம் எனக்கு சார்லட் ஸ்வெரின் ஞாபகம் வரும்.

1931இல் அமெரிக்காவின் டெட்ராய்ட்டில் பிறந்தவர், ஆவணப்பட இயக்குநர்களான மேசில்ஸ் சகோதரர்களின் படங்களுக்கு எடிட்டர். சகோதரர்களில் ஆல்பர்ட் கேமரா, டேவிட் ஒலிப்பதிவு. வீடு வீடாக ஏறி இறங்கி பைபிள் விற்கும் நான்கு பேரின் பின்னாலேயே அலைந்து எடுத்த படம்தான் 'சேல்ஸ்மேன்' (1969). திரைக்கதை கிடையாது, பின்னணிக் குரலும் கிடையாது. டேவிட்டும் ஸ்வெரினும் முதலில் நான்கு பேரின் கதையாகத்தான் அடுக்கிப் பார்த்தார்கள், படம் நிற்கவில்லை. அப்புறம்தான் பிடிபட்டது, இது பால் பிரென்னன் என்ற ஒருவரின் கதை, விற்க முடியாமல் கொஞ்சம் கொஞ்சமாக உடைந்துபோகிறவரின் கதை என்று.

அதில் ஒரு ரயில் காட்சி உண்டு. சிகாகோவில் நடக்கும் விற்பனைக் கூட்டத்துக்குப் போகும் பால் ஜன்னல் வழியே வெறித்துப் பார்த்துக்கொண்டிருக்கிறார், இடையிடையே அந்தக் கூட்டத்தில் மேலாளர்கள் முழங்குவது வருகிறது. அந்த முகத்துக்குப் பக்கத்தில் அந்தப் பேச்சைக் கொண்டுவந்து வைத்தது எடிட்டிங். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு வயிற்றைப் பிசையும்.

அடுத்தது 'கிம்மி ஷெல்டர்' (1970). 1969 டிசம்பர் 6, கலிஃபோர்னியாவின் ஆல்டமான்ட், ரோலிங் ஸ்டோன்ஸ் ராக் இசைக்குழுவின் இலவசக் கச்சேரி. கூட்டத்தில் 18 வயது மெரிடித் ஹன்டர் கத்தியால் குத்தப்பட்டு இறந்தது ஃபிலிமில் பதிவாகிவிட்டது. அதை வெறும் அதிர்ச்சிக்காக வைத்திருந்தால் எவ்வளவு அசிங்கமாக இருந்திருக்கும்! இசைக்குழுவினரை எடிட்டிங் அறைக்கே அழைத்து, அந்த ஃபுட்டேஜைப் பார்க்கும் அவர்களைப் படம்பிடிக்கலாம் என்ற யோசனை ஸ்வெரினுடையது. குழுவின் பாடகர் மிக் ஜாகர் அந்தச் சிறிய திரையைப் பார்க்கிறார், நாம் அவர் முகத்தைப் பார்க்கிறோம்.

இரண்டு படங்களிலும் இயக்குநர்களாக மூன்று பெயர்கள் வரும், மூன்றாவது ஸ்வெரினுடையது. அது அவருக்கு யாரும் போட்ட சலுகை கிடையாது. 1988இல் ஜாஸ் பியானோ கலைஞர் தெலோனியஸ் மங்க் பற்றித் தானே ஒரு படம் இயக்கினார், அதன் உயிர்நாடியும் கிறிஸ்டியன் பிளாக்வுட் 1960களின் கடைசியில் எடுத்து வைத்திருந்த கறுப்பு வெள்ளைக் காட்சிகள்தான். 2004இல் இறந்தார்.

இப்போது என் எடிட்டிங் டைம்லைனில் உப்பளத்தில் வேலை செய்யும் மூன்று பெண்கள் இருக்கிறார்கள். மூவரும் சமமாக வரவேண்டும் என்கிறார் இயக்குநர். எனக்கோ, அவர்களில் அதிகம் பேசாத அந்த ஒரு அக்காவை விட்டுக் கண் நகர மறுக்கிறது. நாளைக்கு இயக்குநரை உட்காரவைத்து அந்த ரயில் காட்சியைப் போட்டுக் காட்டப் போகிறேன்.