கிரிக்கெட் வீட்டிலிருந்து வந்த பேஸ்பால் மேனேஜர்

கிரிக்கெட் பிரியர்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டிய பேஸ்பால்காரர் ஹாரி ரைட். 1835இல் இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் பிறந்தவர். சிறு வயதிலேயே குடும்பம் அமெரிக்கா போய்விட்டது. அப்பா நியூயார்க்கின் செயின்ட் ஜார்ஜ் கிரிக்கெட் கிளப்பில் சம்பளத்துக்கு ஆடியவர். மகனும் அங்கே ஆடித்தான் வளர்ந்தார்.

அப்புறம் சின்சினாட்டி. அமெச்சூர் ஆட்டம் என்று சொல்லிக்கொண்டே வீரர்களுக்கு மறைவாகக் காசு கொடுத்துவந்த காலம் அது. 1869இல் சின்சினாட்டி ரெட் ஸ்டாக்கிங்ஸ் எல்லா வீரர்களுக்கும் வெளிப்படையாகவே சம்பளம் கொடுத்தது. அணியை நடத்திய ரைட், சென்டர் ஃபீல்டிலும் (மைதானத்தின் நடு வெளிப்பகுதியில் ஃபீல்டிங் செய்யும் இடம்) ஆடினார். அவருக்கு 1,200 டாலர், தம்பி ஜார்ஜுக்கு 1,400. அந்த வருடம் அவர்களை யாராலும் தோற்கடிக்க முடியவில்லை.

எனக்கு மிகவும் பிடித்தது அவர்கள் தோற்ற நாள்தான். 1870 ஜூன் 14, புரூக்ளின். பேஸ்பால் ஆட்டத்தின் வழக்கமான ஒன்பது இன்னிங்ஸ் முடிவில் 5-5. டிரா என்று எதிரணி சந்தோஷமாகக் கிளம்பத் தயார். ரைட் விடவில்லை, ஆடியே தீர வேண்டும் என்றார். 11ஆவது இன்னிங்ஸில் 8-7 எனத் தோற்றார்கள். தோல்வியே காணாத ஓட்டத்தைக் காப்பாற்றிக்கொள்ள எளிய வழி இருந்தும் அதை வேண்டாமென்ற மனுஷன்!

பிறகு பாஸ்டன். 1872 முதல் 1875 வரை தொடர்ந்து நான்கு சாம்பியன் பட்டங்கள், பிறகு நேஷனல் லீக் என்ற தொழில்முறை பேஸ்பால் லீகில் 1877, 1878 என மேலும் இரண்டு. பயிற்சி மட்டுமல்ல, பயணம், வரவு செலவு எல்லாமே அவர் பொறுப்பு. கடைசியாக பிலடெல்பியாவில் 1893 வரை மேனேஜர். நடுவில் 1890இல் பார்வை போய், சில மாதங்கள் கழித்துத்தான் திரும்பினார். 1895இல் காலமானார்.

தம்பி ஜார்ஜுக்கு, பேஸ்பால் சாதனையாளர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் 1937லேயே இடம் கிடைத்துவிட்டது. அண்ணனுக்கு 1953இல்தான். இவ்வளவு தாமதம் நியாயமே இல்லை.