காட்பாடியில் இறங்குகிறவர்கள்

வேலூரைப் படம் எடுக்கிறேன் என்றால் போதும், எல்லோரும் கோட்டைக்கு மேலே ட்ரோன் விடச் சொல்கிறார்கள். அகழித் தண்ணீர், ஜலகண்டேஸ்வரர் கோபுரம், அப்புறம் 1806 சிப்பாய் எழுச்சிக்குக் கனத்த குரலில் ஒரு பின்னணி. அதெல்லாம் நன்றாகத்தான் இருக்கும். நான் கேமராவை வைத்தது பாபு ராவ் தெருவில், ஒரு லாட்ஜின் மாடி வராந்தாவில்.

என் கணக்கில் இந்த ஊரின் பெரிய பயணக் கதை அங்கேதான் இருக்கிறது. ஹவுரா, குவாஹாட்டி பக்கத்து ரயில்கள் வேலூருக்கான ஸ்டேஷனான காட்பாடியில் நின்றதும் இறங்குகிற கூட்டத்தைப் பாருங்கள். ஒரு கையில் பெட்டி, இன்னொரு கையில் எக்ஸ்ரே கவர். 1900-ல் டாக்டர் ஐடா ஸ்கடர் ஒற்றைக் கட்டிலோடு தொடங்கிய சி.எம்.சி. ஆஸ்பத்திரிக்கு இன்று வங்கதேசத்திலிருந்தும் வருகிறார்கள். ரிப்போர்ட் வரும்வரை இங்கேதான் குடித்தனம்.

நிஜமாகவே குடித்தனம்தான். அறைக்கு ஒரு வாடகை, அடுப்புக்கும் குக்கருக்கும் தனி வாடகை. தெருவில் ரோகு மீன், கடுகு எண்ணெய், நம்மவர்கள் சீண்டாத பர்வல் காய். ஒரு அம்மா முள்ளுக் கத்திரிக்காய் நறுக்குவதை நெடுநேரம் எடுத்தேன். 2023-ல் புவிசார் குறியீடு வாங்கிய அதே இலவம்பாடிக் காய். காம்பு முள் கட்டைவிரலில் குத்த, விரலை வாயில் வைத்துக்கொண்டே இடது கையால் மஞ்சளும் உப்பும் தூவினார். கடுகு எண்ணெய் புகைந்ததும் வில்லைகள் உள்ளே போயின. நாம் எண்ணெய்க் கத்திரிக்காய்க்கென்றே நேர்ந்துவிட்ட காய் அது! ஒரு துண்டு கொடுத்தார். சும்மா சொல்லக்கூடாது, பிரமாதம்.

நோயாளியின் முகமும் ஃபைலில் இருக்கும் பெயரும் ஃபிரேமுக்குள் வரக்கூடாது என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டேன். ஆஸ்பத்திரி வாசலைக் கேமரா தாண்டவில்லை. ட்யூப்லைட் மினுக்காமலிருக்க ஷட்டரை 1/50-ல் வைத்து, கைகளையும் கொடியில் காயும் துணிகளையும்தான் எடுத்தேன். டிவிக்காரர் ஒருவர் பார்த்துவிட்டு, “யாராவது அழுதா நல்லா இருக்கும்” என்றார். அழுகிறார்கள்தான். ஆனால் அதைவிட அதிக நேரம் பேரம் பேசுகிறார்கள், துணி துவைக்கிறார்கள், ஞாயிற்றுக்கிழமை ஸ்ரீபுரம் பொற்கோயிலுக்கு ஷேர் ஆட்டோ விசாரிக்கிறார்கள்.

கீழே பாத்திரம் வாடகைக்கு விடுகிறவர் ஆம்பூர்க்கார பாய். “ஆஷுன் தாதா” என்று வாடிக்கையாளரைக் கூப்பிட்ட கையோடு, “டேய், அந்த ஸ்டவ்வ கழுவி வெய்யி” என்று உள்ளே ஒரு சத்தம். “இன்னாத்துக்கு தம்பி இத்தப் போயி எடுக்கற? ஏலகிரி போ, சோக்கா இருக்கும்” என்பார். 2019-ல் மாவட்டத்தை மூன்றாக்கியதில் ஏலகிரி திருப்பத்தூர் பக்கம் போய்விட்டது. அவருக்கு இன்னும் எல்லாம் வேலூர்தான். எனக்கும்.

இப்போது வங்காளப் பேச்சுக்கு சப்டைட்டில் போட பாயையே பக்கத்தில் உட்கார வைத்திருக்கிறேன். மீன் விலை பேசும் இடங்களை ஒரு வார்த்தை விடாமல் சொல்கிறார். இரவு ஊருக்கு வீடியோ காலில் பேசுகிற இடம் வந்தால், “ஊட்டு விசயம் தம்பி, வுட்டுடு” என்கிறார். விட்டுவிட்டேன்.