எல்லைக்கோட்டு நினைவுகளைப் படமாக்குவது: கொரிட்சா

ஸ்லொவேனியா பற்றி ஆவணப்படம் என்றதும் பலர் பிளெட் ஏரிக்கு மேலே ட்ரோனைப் பறக்கவிட்டுத் தொடங்குவார்கள். அழகுதான், ஆனால் அதில் யாருடைய நினைவும் இல்லை. நினைவைத் தேடுகிறவர் இத்தாலியை ஒட்டிய மேற்கு எல்லைக்குப் போகவேண்டும். ஆவணப்பட இயக்குநர் அன்யா மெத்வெத் அங்கேதான் வேலை செய்கிறார். தாய் நாத்யா வெலூஷ்செக்குடன் சேர்ந்தும் படங்கள் எடுத்திருக்கிறார்.

1947 செப்டம்பரில் புதிய எல்லை அமலானபோது கொரிட்சா நகரம் இத்தாலிப் பக்கம் நின்றது. வடக்கு ரயில் நிலையமும் கிழக்கே உள்ள கிராமங்களும், ஸ்லொவேனியா அப்போது சேர்ந்திருந்த யூகோஸ்லாவியாவுக்குப் போயின. நகரத்தை இழந்த பக்கத்துக்காக 1948 முதல் கட்டப்பட்டதே நோவா கொரிட்சா. மிரென் ஊரின் கல்லறைத் தோட்டத்துக்கு நடுவிலும் கோடு ஓடியது.

1910இல் இங்கே பிறந்தவர் வீட்டை விட்டு நகராமலே ஆஸ்திரியா-ஹங்கேரி, இத்தாலி, ஜெர்மானிய ஆக்கிரமிப்பு, நேச நாட்டு ராணுவம், யூகோஸ்லாவியா என்று எல்லா ஆட்சியையும் பார்த்திருப்பார். முசோலினி காலத்தில் ஸ்லாவியக் குடும்பப்பெயர்கள் இத்தாலியமாக்கப்பட்டன. காப்பகத்தில் ஒரே எழுத்துக்கூட்டலில் தேடினால் பாதி ஆவணம் சிக்காது. ஆளின் பெயரை இரண்டு வடிவத்திலும், ஊரை ஸ்லொவேனியத்தில் கொரிட்சா, இத்தாலியத்தில் கொரித்சியா, ஜெர்மனில் கேர்ட்ஸ் என மூன்றிலும் தேடுங்கள்.

பேட்டியில் "அப்போது எப்படி இருந்தது?" என்று கேட்டால் பாடநூல் பதில்தான் வரும். பையில் என்ன இருந்தது, சுங்கக்காரர் எந்தப் பக்கம் நின்றார் என்று கேளுங்கள். 1950 ஆகஸ்ட் 13 அன்று யூகோஸ்லாவியப் பக்க மக்கள் திரளாக எல்லை தாண்டி, கடைகளில் துடைப்பம் வாங்கித் திரும்பினார்கள். அதனால் அந்த நாளுக்குத் துடைப்ப ஞாயிறு என்றே பெயர். ஒரு துடைப்பம் திறந்துவிடும் பேச்சை 'அடையாளம்' என்ற சொல் திறக்காது. கைவிடப்பட்ட சோதனைச்சாவடியில் பழைய கடத்தல்காரர்களைப் பாவமன்னிப்பு கேட்பதுபோலப் பேசவைத்தார் மெத்வெத். இடமே பாதிக் கேள்வியைக் கேட்டுவிடுகிறது. பேட்டி முடிந்ததும் யாரையும் எழவிடாமல் அறையின் வெற்று ஒலியை 30 விநாடி பதியுங்கள். அது இல்லாவிட்டால் வெட்டிய இடமெல்லாம் காதில் உறுத்தும்.

வீட்டுப் படச்சுருள்களில்தான் அதிகம் கெடுகிறது. சாதாரண 8 மி.மீ. பிலிம் பொதுவாக விநாடிக்கு 16 சட்டகம் (ஃப்ரேம்), சூப்பர் 8 என்றால் 18. 50 அடி சூப்பர் 8 சுருள் 3 நிமிடம் 20 விநாடி ஓடவேண்டும். அதையே விநாடிக்கு 25 சட்டகத்தில் ஓட்டினால் இரண்டரை நிமிடம்கூட வராது, கல்யாண ஊர்வலம் ஓட்டப்பந்தயமாகிவிடும். ஒவ்வொரு சட்டகத்தையும் தனித்தனியே ஸ்கேன் செய்து, வேகத்தைப் படத்தொகுப்பில் வையுங்கள். சுருளில் வினிகர் வாடை அடித்தால் புரொஜெக்டரில் போடவே கூடாது. அந்த வாடை பிலிம் சிதைந்து சுருங்குவதன் அறிகுறி. சுருங்கிய பிலிமின் துளைகள் பற்சக்கரத்தில் கிழியும்.

படத்தொகுப்பில் கடினமான இடம் 1945 மே. ஸ்லொவேனியர்கள் தங்கள் பள்ளிகளை மூடிய பாசிசத்திலிருந்து கதையைத் தொடங்குவார்கள். கொரித்சியாவின் இத்தாலியர்களோ அந்த மே மாதத்தில் யூகோஸ்லாவியப் படைகளால் கொண்டுசெல்லப்பட்டுத் திரும்பாதவர்களிலிருந்து தொடங்குவார்கள். இரண்டையும் சமன்செய்யப் பின்னணிக் குரல் சேர்ப்பது, என் பார்வையில், கோழைத்தனம். இருவரையும் முழு வாக்கியத்தில் பேசவிட்டு, நடுவே தேதியை மட்டும் எழுத்தில் காட்டினால் போதும்.

வசன வரிகளில் ஒரு கவனம். இங்குள்ளவர்கள் ஸ்லொவேனியம், இத்தாலியம், ஃப்ரியூலியம் என ஒரே பேச்சுக்குள் தாவுவார்கள். மொழிக்கொரு நிறம் கொடுங்கள். இல்லையென்றால் பாட்டி எந்த இடத்தில் மொழி மாறினார் என்பது வெளியூர்ப் பார்வையாளருக்குத் தெரியாமலே போகும்.